முகத்தை வெட்டிவிட்டு

அன்புள்ள மீனா,

நலம்தானே? கோமு மகளுக்கு வரன் முடிந்ததை அவளே போன் பண்ணிச் சொன்னாள். உன் முழங்கால் வலியைப் பற்றிக் கேட்கப் போவதில்லை. நான் அனுப்பிய எண்ணெயை நீ இன்னும் திறந்திருக்க மாட்டாய்.

விஷயத்துக்கு வருகிறேன். அண்ணனின் சின்ன மகள், வங்கியில் வேலை பார்க்கிறாளே, அவள் தோழியின் கல்யாண வரவேற்பில் ஆடினாள். அதை எவனோ போனில் பிடித்து ரீல்ஸ் ஆக்கிவிட்டான். பார்த்தேன். முகம் வரும் இடமெல்லாம் வெட்டு. இடுப்பு தெரியும் இடத்தில் வேகத்தைக் குறைத்து, அதையே திருப்பித் திருப்பி ஓடவிட்டு, மேலே ஒரு குத்துப்பாட்டு. அவள் ஆடியதோ, நடுவில் அடி மறந்துபோய் தோழிகளோடு விழுந்து விழுந்து சிரித்த ஆட்டம். அந்தச் சிரிப்பு அதில் எங்கேயும் இல்லை. கீழே ஒருவன் அவள் பெயரையும் வேலை பார்க்கும் கிளையையும் எழுதி வைத்திருக்கிறான்.

வீட்டில் என்ன பேச்சு தெரியுமா? "இவளை யார் ஆடச் சொன்னது?" வெட்டினவனைப் பற்றி ஒருத்தர் வாய் திறக்கவில்லை. எனக்கு இன்னும் ஆத்திரம் அடங்கவில்லையடி.

அவனுக்கு எங்கே வெட்டணும் என்று கற்றுக்கொடுத்தது யார்? நம் சினிமாதான். பாட்டு தொடங்கினால் கேமரா பாதத்துக்குப் போகும், இடுப்புக்குப் போகும், கடைசியில்தான் அந்தப் பெண்ணுக்கு முகம் கிடைக்கும். ஆனாலும் தியேட்டரில் அவளைச் சுற்றி ஒரு கதையாவது இருந்தது. 1982-இல் வந்த மூன்றாம் பிறையில் சில்க் ஸ்மிதா ஒரு வயதானவரின் இளம் மனைவி. அவள் ஏக்கத்துக்குக் காரணம் இருந்தது. இன்று போனில் சுற்றுவது பாட்டு மட்டும். 2016-இல் ஜியோ வந்து டேட்டா மலிந்த பிறகு எல்லோர் கையிலும் ஒரு கத்தரி. 2023 நவம்பரில் ராஷ்மிகா மந்தனாவின் முகத்தை வேறொரு பெண்ணின் உடம்பில் பொருத்திப் பரப்பினார்களே, வெட்டுவது போய் ஒட்டுவதும் வந்துவிட்டது.

சென்சாரோ 2015-இல் ஜேம்ஸ் பாண்ட் படத்து முத்தத்தைப் பாதியாகக் குறைத்தது. பிடிக்காத பெண்ணின் பின்னாலேயே அலைவதைக் காதல் என்று காட்டுகிற நம் படங்களைப் பிள்ளை குட்டிகளோடு உட்கார்ந்து பார்த்திருக்கிறோம்.

ஆசையைக் காட்டவே கூடாது என்கிற கட்சி இல்லை நான். நீ குறுந்தொகை நடத்துகிறவள், உனக்குத் தெரியாததா? தோள், கூந்தல், பசலை எல்லாம் அதில் வருகிறது. ஆனால் அகப்பாட்டில் யார் பெயரையும் சுட்டிச் சொல்லக் கூடாது என்று தொல்காப்பியம் விதித்திருக்கிறது. ஆசையைப் பாடலாம், ஆளைக் காட்டிக்கொடுக்கக் கூடாது. எவ்வளவு பெரிய நாகரிகம் அது! இங்கே முகத்தை வெட்டிவிட்டுப் பெயரை எழுதுகிறார்கள்.

சைபர் கிரைமில் புகார் கொடுத்தாச்சு. அண்ணன் முதலில் தயங்கினார், "பெயர் கெட்டுவிடும்" என்று. அவளே போய்க் கொடுத்துவிட்டு வந்தாள். ஆனால் ஆட்டத்தை விட்டுவிட்டாள். தன் பழைய வீடியோ எல்லாவற்றையும் அழித்துவிட்டாள். அதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அடுத்த மாதம் பயிற்சிக்காக உன் ஊருக்கு வருகிறாள். ஹாஸ்டல் வேண்டாம், உன் வீட்டிலேயே வைத்துக்கொள். ஆறுதல் எல்லாம் சொல்லாதே, கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டாள். உன் மாணவிகள் ஆண்டு விழாவுக்கு ஒத்திகை பார்ப்பார்களே, அங்கே கூட்டிக்கொண்டு போ. மற்றதை அவள் பார்த்துக்கொள்வாள்.

எந்த ரயில் என்று பிறகு எழுதுகிறேன். பதில் போடு. கட்டைவிரல் படம் அனுப்பினால் பதிலாக எடுத்துக்கொள்ள மாட்டேன்.

உன்
சாந்தி