மாடியில் நின்ற உடா

பாப்பா,

போனில் பாதியிலேயே பேச்சை நிறுத்திவிட்டாய். ஆறு மாதம் மண்டையை உடைத்து நீ வடிவமைத்த ஆன்டெனாவை மேலதிகாரி தன் பெயரில் காட்டிவிட்டார் என்பது வரை புரிந்தது. ஆறுதல் சொல்ல எனக்கு வராது. பாடம் நடத்தத்தான் வரும்.

நேற்று மொட்டை மாடியில் இருந்த பழைய டிவி ஆன்டெனாவைக் கழற்றினோம். இலங்கை டிவி ரூபவாகினி தெரிய நான் மேலே குழாயைத் திருப்ப, நீ முற்றத்தில் நின்று "வந்துட்டு, வந்துட்டு... போச்சுப்பா!" என்று கத்துவாயே, அதேதான்.

எல்லாரும் அதை யாகி ஆன்டெனா என்பார்கள். யாகி, ஜப்பானில் செண்டாய் நகரத்துப் பல்கலைக்கழகப் பேராசிரியர். கம்பிகளின் நீளத்தையும் இடைவெளியையும் மாற்றி மாற்றி அளந்து பார்த்தவர், அவரிடம் வேலை பார்த்த ஷிந்தாரோ உடா. ஒயர் ஒரே ஒரு கம்பியில்தான் சேரும். மற்றவை சும்மா நிற்பது போலிருக்கும். ஆனால் பின்னால் இருக்கும் சற்றே நீளமான கம்பி அலையைத் திருப்பிவிடும். முன்னால் இருக்கும் குட்டைக் கம்பிகள் ஒரே திசையில் குவிக்கும். ஒயரே போகாத கம்பிகளை வேலை வாங்கியிருக்கிறார் மனிதர்! 1926-ல் உடா ஜப்பானிய மொழியில் எழுதினார். காப்புரிமையோ யாகி பெயரில். 1928-ல் யாகி ஆங்கிலத்தில் எழுதியதைத்தான் உலகம் படித்தது. அதில் அவர் உடாவின் உழைப்பைச் சொல்லத்தான் செய்தார். படித்தவர்கள் ஒரு பெயரோடு நிறுத்திக்கொண்டார்கள்.

இன்னொரு கூத்து. ஜப்பான் ராணுவம் இதைக் கண்டுகொள்ளவே இல்லை. 1942-ல் சிங்கப்பூரைப் பிடித்தபோது, பிரிட்டிஷ் ரேடார் குறிப்புகளில் 'யாகி' என்று இருந்தது புரியாமல் விழித்தார்களாம். அது உங்கள் நாட்டுக்காரர் பெயர் என்று ஒரு கைதி சொல்ல வேண்டியிருந்தது.

உடா 1950-களில் டெல்லி தேசிய இயற்பியல் ஆய்வகத்தில் சில வருடங்கள் வேலை பார்த்திருக்கிறார். நான் பள்ளியில் பாடம் எடுத்த காலம் முழுக்க இது எனக்குத் தெரியாது.

உன் மேலதிகாரி யாகி அளவுக்குக்கூட இல்லையே, ஒரு வரியில்கூட உன்னைச் சொல்லவில்லையே. உன் கோபம் சரிதான். அளந்ததையெல்லாம் தேதி போட்டு எழுதி வைத்திருக்கிறாயா? அதை முதலில் பத்திரப்படுத்து. அப்புறம் பேசு.

பழைய இரும்புக்காரர் ஆன்டெனாவுக்கு விலை கேட்டார். கொடுக்கவில்லை. மாடிப்படிக்குக் கீழே சாத்தி வைத்திருக்கிறேன். அம்மாதான் இடத்தை அடைக்கிறது என்று திட்டுகிறாள்.

அப்பா