குட்டை ஏன் சிவந்தது, கலா?

அன்புள்ள கலா,

உன் கடிதம் வந்து இரண்டு மாதம் ஆகிறது. சாக்கு எதுவும் சொல்லப்போவதில்லை. ஒரு பாட்டிலுக்காகக் காத்திருந்தேன், அவ்வளவுதான். என்ன பாட்டில் என்று கீழே சொல்கிறேன். முதலில், முழங்கால் எப்படி இருக்கிறது? டாக்டர் நடக்கச் சொன்னார் என்று விடிவதற்கு முன்னால் இருட்டில் கிளம்பாதே. வெளிச்சம் வந்த பிறகு போனால்தான் நீ எழுதிய அந்தக் குட்டையையும் ஒழுங்காகப் பார்க்க முடியும்.

"தண்ணீரில் சிவப்பு மையைக் கரைத்துவிட்ட மாதிரி இருக்கிறது, பக்கத்தில் போனால் நாறுகிறது, யாரோ சாயத்தைக் கொட்டிவிட்டார்கள் என்று எல்லோரும் பேசிக்கொள்கிறார்கள்" என்று எழுதியிருந்தாய். சாயமாகவே இருக்கலாம், நேரில் பார்க்காமல் நான் அடித்துச் சொல்ல மாட்டேன். ஆனால் நீ போகிறபோக்கில் எழுதிய இரண்டு வரிகளை நான் திரும்பத் திரும்பப் படித்தேன். நாற்றம் அழுகிய முட்டை நாற்றம் என்றாய். இலைதழை விழுந்து மக்கி, கொஞ்சம் கொஞ்சமாகத்தான் நிறம் ஏறியது என்றாய். சாயம் கொட்டினால் ஒரே நாளில் குட்டை மாறிவிடும். நாள்கணக்கில் நிறம் ஏறுகிறது என்றால் உள்ளே ஏதோ பெருகுகிறது என்று அர்த்தம். என் ஊகம், ஊதா கந்தக பாக்டீரியா.

அது வெயிலைத் தின்று வாழ்கிற பாக்டீரியா. "ஒளிச்சேர்க்கை இலையின் வேலை அல்லவா?" என்று நீ கேட்பது எனக்குக் கேட்கிறது. நாம் அப்படித்தான் படித்தோம். நானே ஆய்வுக்கூடத்தில் இத்தனை வருடம் காலம் தள்ளிவிட்டு, ஓய்வு பெற்ற பிறகுதான் இதை உட்கார்ந்து படித்தேன். வெயிலைப் பிடிக்கிற வித்தையைக் கண்டுபிடித்தது பாக்டீரியாதான், இலை அதை இரவல் வாங்கிக்கொண்டது. இலைச் செல்லுக்குள் இருக்கிற பசுங்கணிகம் ஒரு காலத்தில் தனியாகத் திரிந்துகொண்டிருந்த சயனோபாக்டீரியா, அதாவது நாம் நீலப்பச்சைப்பாசி என்று படித்தோமே, அதன் வாரிசு. 100 கோடி ஆண்டுகளுக்கும் முன்னால் வேறொரு செல் அதை விழுங்கி, செரிக்காமல் குடிவைத்துக்கொண்டது. அதன் சொந்த டிஎன்ஏ இன்னும் உள்ளே கொஞ்சம் மிச்சம் இருக்கிறது.

சரி, பாட்டிலுக்கு வருகிறேன். உன் கடிதம் வந்த அன்றே, தண்ணீர் தேங்கிக் கிடந்த ஒரு பள்ளத்திலிருந்து சேறு அள்ளி வந்தேன். அதில் கிழித்த செய்தித்தாளையும் ஒரு பிடி ஜிப்சத்தையும் பிசைந்து, உயரமான கண்ணாடிப் பாட்டிலில் முக்கால்வாசி நிரப்பி, மேலே தண்ணீர் ஊற்றி ஜன்னல் ஓரம் வைத்தேன். 1880களில் செர்கேய் வினோகிராட்ஸ்கி என்ற ரஷ்யர் செய்த வேலை இது. மூடியைக் கெட்டியாகத் திருகி வைத்ததுதான் நான் செய்த முட்டாள்தனம். பத்தாம் நாள் காலையில் மூடி தெறித்து, கறுப்புச் சேறு ஜன்னல் திரை முழுக்க அடித்துவிட்டது. இரண்டு நாள் வீட்டில் யாரும் என்னோடு பேசவில்லை. நாற்றத்தில் வாயைத் திறக்க முடியவில்லை என்பதும் ஒரு காரணம்.

மீதி இருந்த சேற்றை வைத்து மறுபடி தொடங்கினேன். முதலில் அடிப்பகுதி கறுத்தது. காகிதத்தைத் தின்கிற பாக்டீரியா முதலில் வேலையைத் தொடங்கும். அவை இருக்கிற ஆக்சிஜனைத் தீர்த்துவிட்டு, காகிதத்தைப் புளிக்கவைத்துக் கரிம அமிலங்களை வெளியே விடும். அதைத் தின்ன இன்னொரு கூட்டம் வரும். அந்தக் கூட்டம் ஆக்சிஜனுக்குப் பதிலாக ஜிப்சத்தில் இருக்கிற சல்பேட்டைக் கொண்டு சுவாசிக்கும், ஹைட்ரஜன் சல்பைடை வெளியே விடும். உன் குட்டை நாற்றமும் என் திரைச்சீலை நாற்றமும் அதுதான். சேற்றில் இருக்கிற இரும்போடு சேர்ந்தால் கறுப்பாகும். மிச்சம் மெல்ல மெல்ல மேலே ஏறும். மேலிருந்து வெளிச்சம் இறங்கும். இரண்டும் சந்திக்கிற இடத்தில்தான் நமக்கு வேண்டியவர்கள் குடியிருக்கிறார்கள்.

ஐந்தாவது வாரம் கண்ணாடியில், சேற்றின் நடுப்பகுதியில், கட்டைவிரல் ரேகை அளவுக்கு ஒரு கறை தெரிந்தது. முதலில் துடைத்துப் பார்த்தேன்! அது உள்பக்கம் இருந்தது. இளஞ்சிவப்பும் ஊதாவும் கலந்த நிறம். ஒரு வாரத்தில் உள்ளங்கை அகலம் ஆயிற்று. அதற்குக் கீழே கரும்பச்சையாக ஒரு பட்டை, அது பச்சைக் கந்தக பாக்டீரியா. சல்பைடை இன்னும் அதிகமாகத் தாங்கும் என்பதால் அதற்கு அடியில் இடம். எல்லாம் ஜன்னலைப் பார்த்த பக்கத்தில் மட்டும். அறையைப் பார்த்த பக்கத்தில் இன்றுவரை வெறும் சேறுதான்.

ஊதாப் பட்டையிலிருந்து ஒரு துளியை உறிஞ்சி, என்னிடம் இருக்கிற பழைய மைக்ராஸ்கோப்பில் வைத்துப் பார்த்தேன். கலா, அதை நீ பார்த்திருக்க வேண்டும். குட்டையான தடித்த உருளைகள், ஒவ்வொன்றுக்குள்ளும் பளபளவென்று மணிமணியாகக் கந்தகம். ஹைட்ரஜன் சல்பைடிலிருந்து எலக்ட்ரானை எடுத்துக்கொண்டு, மிச்சமாகும் கந்தகத்தை இப்படி உள்ளேயே சேர்த்து வைக்கும். சல்பைடுக்குத் தட்டுப்பாடு வந்தால் இந்தக் கையிருப்பையும் எடுத்துச் செலவழித்து, சல்பேட்டாக்கி வெளியே விடும். கீழே இருக்கிற கூட்டம் அந்தச் சல்பேட்டை வாங்கி மறுபடி சல்பைடாக்கும். ஜிப்சம் தீர்ந்துவிடுமோ என்று நான் கவலைப்பட்டதே வீண், ஒரே கந்தகம் சுற்றிச் சுற்றி வருகிறது. (பச்சைக் கந்தக பாக்டீரியா கந்தக மணியைச் செல்லுக்கு வெளியே போடும். இரண்டையும் அடையாளம் காண இது ஒரு வழி.)

அவை துறுதுறுவென்று நீந்திக்கொண்டிருந்தன. ஒளித்துளையைச் சுருக்கி, நடுவில் ஒரு சின்ன வெளிச்ச வட்டம் மட்டும் விழும்படி செய்தேன். வட்டத்துக்குள் வருகிற ஒன்று, விளிம்பைத் தாண்டி இருட்டில் கால் வைத்ததும் திடுக்கிட்டுப் பின்வாங்குகிறது. உள்ளே வரும்போது எந்தத் தயக்கமும் இல்லை, வெளியே போகும்போதுதான் அந்த உதறல். கால்மணி நேரத்தில் வட்டம் முழுக்க நெரிசல். 1883-இல் எங்கெல்மான் என்ற ஜெர்மானியர் இதைப் பார்த்துவிட்டு, இதற்கு 'பயந்த அசைவு' என்றே பெயர் வைத்தார். அதோடு விடவில்லை. வானவில் நிறங்களை அந்தத் துளியின் மேல் விழவைத்து, இவை எங்கே கூடுகின்றன என்று பார்த்தார். பெரிய கூட்டம் சிவப்பையும் தாண்டி, நம் கண்ணுக்கு இருட்டாகத் தெரிகிற அகச்சிவப்புப் பகுதியில் கூடியது. அங்கே வெளிச்சம் இருக்கிறது என்பது அவர் கண்ணுக்குத் தெரியவில்லை, பாக்டீரியாவுக்குத் தெரிந்திருக்கிறது.

இதில் ஒரு கணக்கு இருக்கிறது. மேலே இருக்கிற பாசியும் சயனோபாக்டீரியாவும் நீலத்தையும் சிவப்பையும் உறிஞ்சிவிடும். அவை தொடாமல் விடுவது அகச்சிவப்பு. ஊதா பாக்டீரியாவின் பச்சையம் கொஞ்சம் வேறு மாதிரி. 800 முதல் 900 நானோமீட்டர் வரை அலைநீளம் உள்ள ஒளியை, அதாவது மேல்வீட்டுக்காரர்கள் கழித்துவிட்டதை, அது பிடித்துக்கொள்ளும். நம் கண்ணுக்குத் தெரிகிற சிவப்பும் ஊதாவும் பெரும்பாலும் கரோட்டினாய்டு நிறமிகளால் வருவது.

இனி, எனக்கு இதில் ரொம்பப் பிடித்த இடம். பள்ளிக்கூடத்தில் ஒளிச்சேர்க்கைச் சமன்பாட்டை நூறு தடவை எழுதினோம் இல்லையா? வெளியே வருகிற ஆக்சிஜன் எதிலிருந்து வருகிறது என்று ஒருநாளாவது கேட்டோமா? கார்பன் டை ஆக்சைடு உடைந்து அதிலிருந்து வருகிறது என்றுதான் பல காலம் பெரிய பெரிய ஆட்களே நினைத்திருந்தார்கள். வான் நீல் என்ற டச்சுக்காரர், கலிபோர்னியாவில் ஒரு கடலோர ஆய்வு நிலையத்தில் இந்த நாற்றம் பிடித்த பாக்டீரியாவை வளர்த்துக்கொண்டிருந்தார். அவையும் கார்பன் டை ஆக்சைடைத்தான் எடுத்துக்கொள்கின்றன. ஆனால் ஆக்சிஜன் ஒரு துளிகூட வருவதில்லை, கந்தகம்தான் வருகிறது. ஹைட்ரஜன் சல்பைடை உடைத்தால் கந்தகம் மிஞ்சுகிறது என்றால், இலையில் மிஞ்சுகிற ஆக்சிஜன் தண்ணீரை உடைத்து வந்ததாகத்தான் இருக்க வேண்டும் என்று 1931-இல் எழுதினார். பத்து வருடம் கழித்து, 1941-இல், ரூபன், கேமன் என்ற ஆய்வாளர்கள் கனமான ஆக்சிஜன் கலந்த தண்ணீரைப் பாசிக்குக் கொடுத்து, வெளியே வருவதும் அதே கனமான ஆக்சிஜன்தான் என்று பார்த்து அதை உறுதிப்படுத்தினார்கள். காட்டையும் வயலையும் பற்றிய கேள்விக்குச் சாக்கடைச் சேற்றிலிருந்து பதில் வந்ததை நினைத்தால் எனக்கு இன்னும் சிரிப்பு வருகிறது.

தண்ணீரை உடைப்பது லேசான காரியம் இல்லை, ஹைட்ரஜன் சல்பைடு எளிதில் மசியும். பாக்டீரியாக்களில் தண்ணீரை உடைக்கத் தெரிந்தது சயனோபாக்டீரியா மட்டும்தான். வெளிச்சத்தைப் பிடிக்கும் இரண்டு அமைப்புகளை அடுத்தடுத்துக் கோத்து அதைச் சாதித்தது. அதனால்தான் சுமார் 240 கோடி ஆண்டுகளுக்கு முன்னால் காற்றில் ஆக்சிஜன் ஏறத் தொடங்கியது. பழைய குடிகளுக்கு அது நல்ல சேதி இல்லை. பச்சைக் கந்தக பாக்டீரியா மாதிரி ஆட்களுக்கு ஆக்சிஜன் ஆகவே ஆகாது. ஒதுங்கிக்கொண்டன, சேற்றுக்கும் ஏரிகளின் அடிப்பகுதிக்கும்.

ஒதுங்கினவை எங்கே வரைக்கும் போயின என்று பார். கருங்கடலில் கீழ்ப்பகுதி முழுக்க ஹைட்ரஜன் சல்பைடு, ஆக்சிஜனே கிடையாது. அந்த எல்லை கிட்டத்தட்ட 100 மீட்டர் ஆழத்தில் இருக்கிறது. அங்கே ஒரு பச்சைக் கந்தக பாக்டீரியா வாழ்கிறது (பெயர்தான் பச்சை, நிறம் பழுப்பு). மேற்பரப்பில் விழும் வெளிச்சத்தில் லட்சத்தில் ஒரு பங்குகூட அங்கே போய்ச் சேர்வதில்லை. அதைப் பிடிக்க ஒவ்வொரு செல்லிலும் குளோரோசோம் என்ற பைகள், ஒரு பைக்குள் லட்சத்துக்கும் மேல் நிறமி மூலக்கூறுகள். அவ்வளவு இருந்தும் ஒரு செல் இரண்டாகப் பிரிய வருடக்கணக்கில் ஆகிறது! நம் குடலில் இருக்கிற ஈ.கோலி, வசதி இருந்தால், 20 நிமிடத்தில் பிரிந்துவிடும். பசிபிக்கில் சுமார் 2,400 மீட்டர் ஆழத்தில், கொதிநீர் பீச்சுகிற ஒரு துளைக்குப் பக்கத்திலிருந்தும் இன்னொரு பச்சைக் கந்தக பாக்டீரியாவைப் பிடித்து வளர்த்திருக்கிறார்கள், 2005-இல் வெளியிட்டார்கள். சூரிய வெளிச்சம் எட்டிக்கூடப் பார்க்காத இடம். அந்தச் சூட்டிலிருந்து வருகிற மங்கலான ஒளிதான் ஆதாரம். அதைப் படித்த அன்று எனக்குச் சரியாகத் தூக்கம் வரவில்லை, போ.

நேர் எதிர்க்கோடியில் புரோகுளோரோகாக்கஸ். வெயில் நன்றாக விழுகிற திறந்த கடலில் மிதக்கும் சயனோபாக்டீரியா, ஒரு மைக்ரான்கூட இல்லாத அளவு. உலகத்தில் ஒளிச்சேர்க்கை செய்கிறவற்றில் எண்ணிக்கையில் முதலிடம் அதற்கு, ஒரு சொட்டுக் கடல்நீரில் ஆயிரக்கணக்கில் இருக்கும். சாலி சிஷோம் என்ற ஆய்வாளரும் அவர் கூட்டாளிகளும் 1988-இல் எழுதும் வரை அப்படி ஒன்று இருப்பது யாருக்கும் தெரியாது.

அப்புறம், உன் தம்பி இறால் பண்ணையில் ஊற்றுகிற சிவப்புத் திரவத்தைப் பற்றிக் கேட்டிருந்தாய். அது ஊதா பாக்டீரியாவிலேயே கந்தகத்தை நம்பி வாழாத வகையாக இருக்கும். வெளிச்சம் இருந்தால் ஒளிச்சேர்க்கை, இருட்டில் ஆக்சிஜன் கிடைத்தால் நம்மைப் போலச் சுவாசம், நைட்ரஜனையும் நிலைநிறுத்தும். கில்லாடிதான். கழிவைத் தின்னும் என்பது உண்மை. லேபிளில் எழுதியிருக்கிற மற்ற பதினைந்து பலன்களை நான் நம்ப மாட்டேன்.

இனி உன் வேலை. குட்டையிலிருந்து, கரையோரம் நிறம் அதிகமாக இருக்கிற இடத்தில், அடிச்சேறும் கொஞ்சம் சேர்த்து இரண்டு கண்ணாடி பாட்டிலில் தண்ணீர் எடு. கையுறை போட்டுக்கொள், சாயமா இல்லையா என்று இன்னும் தெரியாதே. ஒன்றை ஜன்னலில் வை, நேர் வெயில் வேண்டாம், சூடாகிவிடும். இன்னொன்றை அலமாரி இருட்டில் வை. மூன்று வாரம் தொடாதே. சாயத்துக்கு ஜன்னலும் அலமாரியும் ஒன்றுதான். பாக்டீரியா என்றால் ஜன்னல் பாட்டிலில் வெளிச்சம் விழுகிற பக்கம் மட்டும் நிறம் கூடும், அலமாரியில் கூடாது. தண்ணீரின் மேல் மட்டும் செந்நிற ஏடு படிந்து, நாற்றமே இல்லை என்றால் அது யூக்ளினா என்ற நுண்ணுயிர் மாதிரி வேறு ஏதாவதாக இருக்கும், அப்போது எனக்கு எழுது. குட்டை இதற்குள் வற்றியிருந்தாலும் பரவாயில்லை, சேறு இருந்தால் போதும்.

என் பாட்டிலை இந்த வாரம் பாதி திருப்பி வைத்திருக்கிறேன், சேறாக இருந்த பக்கம் இப்போது ஜன்னலைப் பார்க்கிறது. என்ன ஆகிறது என்று அடுத்த கடிதத்தில்.

மூடியை மட்டும் இறுக்கிவிடாதே.

உன்,
சுமதி