கைடுகளுக்கும் ஜர்னல் எடிட்டர்களுக்கும்: வெர்ஷன் நம்பரையும் கேளுங்க

வணக்கம். ஆராய்ச்சி பண்றவங்களோட டேட்டா வேலைய பாத்து ஓகே சொல்றது நீங்கதான், அதனால உங்களுக்கே எழுதுறேன். "அனாலிசிஸ் எல்லாம் ஆர்-ல (R, புள்ளியியல் கணக்குக்கான புரோகிராம் மொழி) செஞ்சோம்"னு ஒரு வரி இருந்தா விட்டுடுறீங்க, அது பத்தவே பத்தாதுங்க.

எந்த ஆர்? 1976-ல பெல் லேப்ஸ்ல ஜான் சேம்பர்ஸும் கூட இருந்தவங்களும் ஆரம்பிச்ச எஸ் (S)-ங்கிற புரோகிராம் மொழிய ஒட்டி, 90கள்ல ஆக்லாந்து யுனிவர்சிட்டில ராஸ் இஹாகாவும் ராபர்ட் ஜென்டில்மேனும் எழுதுனது, 1.0.0 வந்ததே 2000 பிப்ரவரி 29-லதான், அதுலேருந்து இன்னிவரைக்கும் மாறிக்கிட்டேதான் இருக்கு. மாறுனதுல பாதிக்கு மேல நல்லதுதான், அத நான் கொற சொல்லல. ஆனா கோடும் டேட்டாவும் அப்படியே இருக்க, ரிசல்ட் மட்டும் வேறயா வரும்.

என்னோட பழைய ஸ்கிரிப்ட்ட புது மெஷின்ல ஓட்டுனப்ப ரிசல்ட் ஒத்தே வரல, சீட் (seed, ஒவ்வொரு தடவையும் அதே ரேண்டம் நம்பர்கள் வர்றதுக்கு குடுக்குற ஆரம்ப நம்பர்) 42-னு நானே போட்டு வெச்சிருக்கேன், அப்புறம் எப்படி மாறும்னு ஒரு நாள் முழுக்க தலைய பிச்சுக்கிட்டேன். கடைசில 1-லேருந்து 10 வரைக்கும் சும்மா சாம்பிள் எடுத்துப் பாத்தா பழைய 3.5-ல 10, 9, 3-னு வருது, புதுசுல 1, 5, 10-னு வருது. 2019-ல 3.6.0-ல சாம்பிள் எடுக்குற முறையவே மாத்திட்டாங்க, பழைய முறைல ரொம்ப பெரிய லிஸ்ட்ல எல்லா நம்பருக்கும் சமமா வாய்ப்பு கெடைக்கல, அத சரி பண்ணதுதான் காரணம்.

இன்னொன்னு இதவிட ஆபத்து. டேட்டா ஃபைல்ல வயசு போடுற காலம்ல (column) யாரோ ஒருத்தர் "தெரியல"ன்னு டைப் பண்ணிட்டாங்கன்னு வைங்க. 4.0.0-க்கு முன்னாடி ஃபைல வாங்கும்போதே அந்த காலம் ஃபேக்டரா, அதாவது ஒவ்வொரு மதிப்புக்கும் உள்ளுக்குள்ள 1, 2, 3-னு வரிசை நம்பர் குடுத்து வெக்கிற வகையா, மாறிடும், அப்புறம் நம்பரா மாத்துனா 23, 31, 40 எல்லாம் 1, 2, 3-ஆ வந்து நிக்கும். எரர் இல்ல, வார்னிங் கூட இல்ல, சராசரியும் அழகா வரும்! 2020-ல வந்த 4.0.0-ல அது எழுத்தாவே இருக்கும், மாத்தும்போது அந்த ஒரு கட்டம் மட்டும் காலியாகி வார்னிங் வரும்.

அதனால கேக்குறது இதுதான்: ஆர்-ல செஷன்இன்ஃபோ, அதாவது sessionInfo()-ங்கிற கமாண்ட அடிச்சா ஆர் வெர்ஷன், லோடு பண்ணிருக்குற பேக்கேஜ் (கூட சேத்துக்குற ரெடிமேட் கோடு) வெர்ஷன் எல்லாம் வந்துடும், அத அப்படியே பேப்பரோட கடைசில ஒட்டச் சொல்லுங்க. ஏற்கனவே ஓகே பண்ணி அனுப்புனவங்களுக்கும் தயவு செஞ்சு ஒரு மெயில் போட்டு கேட்டு வெச்சுடுங்க, அந்த பழைய லேப்டாப்ப அவங்க ஃபார்மேட் பண்றதுக்குள்ள.