ஐம்பதாயிரம் முறை வெட்டுப்பட்டவர்

பாப்பா,

நேற்று நீ போனை வைத்த பிறகு எனக்குத் தூக்கமே வரவில்லை. மூன்று மாதம் கண் எரிய எரிய நீ வரைந்த டிராயிங்கை வேறு ஒருத்தர் மேடையில் நின்று விளக்கினார், கைதட்டும் வாங்கிக்கொண்டார், உன் பெயர் ஒரு ஓரத்தில்கூட இல்லை என்றாய். நான் "சரி விடு" என்றேன். அப்படிச் சொல்லியிருக்கக் கூடாது. முப்பது வருஷம் லைட்மேனாக இருந்தவன், ஒவ்வொரு படத்திலும் கடைசியில் பெயர் ஓடுகிற வரைக்கும் எழுந்திருக்காமல் பார்த்துவிட்டு உன் அம்மாவிடம் ஒரு வார்த்தை பேசாமல் பஸ் ஏறியவன், நானா உனக்குச் சரி விடு என்று சொல்வது? போனில் எனக்குப் பேச வராது என்பது உனக்கே தெரியும். அதனால்தான் எழுதுகிறேன்.

தீபாவளிக்கு வந்தபோது ஒரு ஹார்ட் டிஸ்கை விட்டுவிட்டுப் போனாயே, அதில் ஜப்பான் படங்களாக இருந்தன. எதிர்வீட்டுப் பையன் டிவியில் மாட்டிக் கொடுத்தான். ஒரு படம் 'உசுமாசா லைம்லைட்', 2014-ல் வந்தது. வயதான ஒரு துணை நடிகர், வாள் சண்டைப் படங்களில் வெட்டுப்பட்டுச் சாவதே வேலை. டிவி தொடர் நின்றுபோய்விட, அவரை ஓரமாகத் தள்ளுகிறார்கள். ஒரு சின்னப் பெண் வந்து வாள் கற்றுக்கொடுங்கள் என்று நிற்கிறாள். கதை என்று பார்த்தால் அவ்வளவுதான், நாலு இடத்தில் கொஞ்சம் அழுகாச்சியும் உண்டு. ஆனால் அந்தக் கிழவர் முகத்தைப் பார்த்ததும் இது நடிப்பு மாதிரி இல்லையே என்று பட்டது. தேடிப் படித்தால், நிஜமாகவே அந்த மனிதரின் வாழ்க்கை கிட்டத்தட்ட அதேதான்.

பெயர் செய்ஸோ ஃபுகுமோட்டோ. 1943-ல் ஹ்யோகோ மாகாணத்தில், கடலோர ஊர் ஒன்றில் பிறந்தவர். பள்ளிக்கூடத்தை முடித்ததும் கியோட்டோவில் சொந்தக்காரர் அரிசிக்கடையில் வேலைக்குச் சேர்த்துவிட்டார்கள், வாடிக்கையாளரிடம் சிரித்துப் பேசி வியாபாரம் பண்ண அவருக்கு வரவில்லை. (என் ஜாதி.) அப்புறம் பதினைந்து வயதில் அதே கியோட்டோவில் உசுமாசா என்ற பகுதியில் இருக்கும் டோயெய் சினிமா கம்பெனி ஸ்டூடியோவில் கொண்டுபோய் விட்டார்கள். நடிகனாக வேண்டும் என்ற கனவெல்லாம் ஒன்றும் இல்லை, பிழைப்புக்கு ஒரு வேலை.

அந்தக் காலத்தில் டோயெய் கம்பெனி வாரத்துக்கு இரண்டு புதுப் படம் என்று தியேட்டருக்கு அனுப்பிக்கொண்டிருந்தது. முக்கால்வாசி வாள் சண்டைதான். ஹீரோவுக்குத் தனி அறை. மற்ற எல்லோருக்கும் சேர்த்து ஒரே பெரிய அறை, ஜப்பானிய மொழியில் 'ஓபேயா' என்கிறார்கள், பெரிய அறை என்றுதான் அர்த்தமாம், ஜப்பானில் இருக்கிற நீதான் சரிபார்த்துச் சொல்ல வேண்டும். நூற்றுக்கணக்கான பேர் அதிலே விக் மாட்டி, மேக்கப் போட்டு, கூப்பிடும் வரை உட்கார்ந்திருக்க வேண்டும். தெருவில் நடந்து போகிறவன், பல்லக்கு தூக்குகிறவன், பிணம். பிணமாகக் கிடப்பது லேசு என்று நினைக்காதே. நான் இங்கே மேலே பலகையில் உட்கார்ந்து விளக்கைத் திருப்பிக்கொண்டிருந்த நாளில், "யோவ், பொணத்துக்கு வயிறு ஏறி எறங்குதுய்யா!" என்று கேமராமேன் கத்தி ஷாட்டை நிறுத்தியதை எத்தனை தடவை பார்த்திருக்கிறேன்.

அந்தப் பெரிய அறையிலிருந்துதான் ஃபுகுமோட்டோ 'கிராரேயாகு' ஆனார். வெட்டு வாங்குகிற வேஷம். 1960களின் கடைசியிலும் எழுபதுகளிலும் வாள் போய் யாக்குசா ரவுடிப் படங்கள் வந்தபோது துப்பாக்கிக் குண்டு வாங்கினார். பிறகு டிவி. 'மிட்டோ கோமோன்', 'அபாரென்போ ஷோகுன்' மாதிரித் தொடர்களில் வாரா வாரம் கடைசிப் பத்து நிமிஷத்தில் அடியாள் கூட்டம் பாய்ந்து வரும், ஹீரோ வரிசையாகச் சாய்ப்பார், அந்தக் கூட்டத்தில் கன்னம் ஒட்டி, கண் உள்ளே போய், முறைத்துக்கொண்டு ஒருத்தர் நிற்பார். அவர்தான். ஐம்பதாயிரம் முறை வெட்டுப்பட்டவர் என்று ஊரெல்லாம் பட்டம். கணக்குப் போட்டுப் பார்த்தேன், ஐம்பது வருஷத்துக்கு வருஷம் ஆயிரம், ஒரு நாளைக்கு ஏறக்குறைய மூன்று சாவு. கொஞ்சம் உப்புப் போட்ட கணக்காகத்தான் இருக்கும். ஆனாலும் ஒரே சண்டையில் செத்து, எழுந்து, வேறு உடுப்பில் வந்து மறுபடி செத்ததும் உண்டு என்பதால் நான் அதிகம் தள்ளுபடி செய்ய மாட்டேன்.

இப்போது நான் சொல்ல வந்த விஷயத்துக்கு வருகிறேன். அந்த வாள் மூங்கில், மேலே வெள்ளித் தாள் ஒட்டியது. உடம்பில் படவே கூடாது. அப்படியானால் வெட்டு விழுந்ததென்று நமக்கு யார் காட்டுவது? வாளை வீசுகிற ஹீரோ இல்லை. வாங்குகிறவன். அவன் ஒரு நொடி முந்தினால் போலி, ஒரு நொடி பிந்தினால் ஹீரோ கையாலாகாதவன் மாதிரித் தெரிவான். ஹீரோவின் வீரம் முழுக்க இவன் முதுகெலும்பில்தான் இருக்கிறது.

ஃபுகுமோட்டோ விழுவதற்கு ஒரு பெயரே வைத்திருக்கிறார்கள், 'எபிசோரி', இறால் வளைவு. நான் அதைப் பத்துத் தடவையாவது நிறுத்தி நிறுத்திப் பார்த்தேன். வெட்டு விழுந்ததும் அவர் உடனே சாயவில்லை. ஒரு கணம் அப்படியே நிற்கிறார். கை காற்றில் எதையோ பிடிக்கப் பார்க்கிறது. பிறகு இடுப்பு முன்னால் வர, தலை பின்னால் போய்க்கொண்டே இருக்கிறது, இதற்கு மேல் போகாது என்று நாம் நினைக்கிற இடத்தைத் தாண்டியும் போகிறது, வில்லாக வளைந்த உடம்பு முதுகில் மொத்தென்று விழுகிறது. கையை ஊன்றித் தாங்கிக்கொள்வதில்லை. முட்டியை மடக்கி மெதுவாக இறக்கிக்கொள்வதும் இல்லை. நிஜத்தில் எழுபது வயதுக் கிழவர்.

பதினோராவது தடவை பார்க்கும்போதுதான் லைட்மேன் புத்திக்கு ஒன்று உறைத்தது. எல்லா அடியாளும் குப்புற விழுகிறான், முகம் மண்ணில். இவர் பின்னால் வளைகிறார், வளைகிறபோது முகம் தலைகீழாகத் திரும்பி நேரே கேமராவுக்கு வருகிறது, வெளிச்சம் நெற்றியிலும் கன்னத்து எலும்பிலும் விழுகிறது. ஹீரோ திரும்பி நின்று வாளை உறையில் போடுகிற அந்த ஒரு நொடி ஃபிரேம் இவருடையது. இது தற்செயல் என்று யாராவது சொன்னால் நான் நம்ப மாட்டேன். பணிவான மனிதர், பேட்டி எடுத்தால் கூச்சப்படுகிறவர் என்று எல்லோரும் எழுதுகிறார்கள். இருக்கட்டும். ஆனால் அந்த மனிதருக்குத் தன் முகம் எங்கே விழ வேண்டும் என்று தெரிந்திருந்தது.

எங்கேயோ யாரோ பார்த்துக்கொண்டுதான் இருப்பார்கள் என்பது அவர் அடிக்கடி சொன்ன பேச்சாம். அதை நான் முழுதாக ஏற்கவில்லை, பாப்பா. அதே பெரிய அறையில் அதே மாதிரி உழைத்து, யாரும் பார்க்காமலே வீட்டுக்குப் போனவர்கள் எத்தனை பேரோ. இங்கே எனக்கே பத்துப் பேரைத் தெரியும். இவரைப் பார்த்தார்கள் என்றால், பார்க்கிற மாதிரி விழுந்தார் என்பதும் ஒரு காரணம்.

பார்த்தவர்கள் பார்த்தார்கள். 2003-ல் அறுபது வயதாகி டோயெயில் ஓய்வு, அதே வருஷம் ஹாலிவுட்டின் 'தி லாஸ்ட் சாமுராய்' வெளிவந்தது. டாம் க்ரூஸ் பின்னாலேயே வாய் திறக்காமல் காவலுக்கு நடக்கிற ஒருத்தர், பெயர் தெரியாததால் டாம் க்ரூஸ் அவரை 'பாப்' என்று கூப்பிடுவார், ஞாபகம் இருக்கிறதா? நீ ஒன்பதாவது படிக்கும்போது சேர்ந்து பார்த்தோம். கடைசியில் டாம் க்ரூஸ் வேஷத்தின் பெயரைச் சொல்லி "அல்கிரன்-சான்!" என்று ஒரே ஒரு தடவை கத்திவிட்டுக் குறுக்கே பாய்ந்து குண்டை வாங்கிச் சாவார். அங்கேயும் சாவுதான்.

முதல் கதாநாயகன் வேஷம் 'உசுமாசா லைம்லைட்'டில்தான், எழுபது வயதுக்கு மேலே. அதற்காக மாண்ட்ரியலில் நடக்கும் ஃபேன்டேசியா பட விழாவில் சிறந்த நடிகர் விருது கொடுத்தார்கள். 'மிட்டோ கோமோன்' தொடர் 2011-ல் முடிந்துபோயிருந்தது, குதிரை, விக், செட் என்று செலவும் அதிகம், பார்க்கிறவர்களுக்கும் வயதாகிவிட்டது, வெட்டுப்படுவதற்கு வேலையே குறைந்துபோன நேரத்தில் விருது. 2021 ஜனவரி 1 அன்று நுரையீரல் புற்றுநோயில் இறந்தார், வயது 77. 2024-ல் ஜப்பானில் பெரிய அளவில் ஓடிய 'எ சாமுராய் இன் டைம்' படத்தில் சண்டைப் பயிற்சியாளர் வேஷத்தை இவரை மனதில் வைத்துத்தான் எழுதினார்களாம். அதற்குள் போய்விட்டார். வேறொருவர் நடித்தார், படத்தை இவருக்குக் காணிக்கையாக்கினார்கள்.

நீ வேலையை விட்டுவிடட்டுமா என்று கேட்டாய். அதற்கு என்னிடம் பதில் இல்லை, வாடகை கட்டுகிறவள் நீ. ஆனால் டிராயிங்கில் வலது கீழ் மூலையில் ஒரு கட்டம் இருக்குமே, வரைந்தவர், சரிபார்த்தவர் என்று, நீ காலேஜில் படிக்கும்போது எனக்குக் காட்டியிருக்கிறாய். அதைக் காலியாக விட்டு ஃபைலை அனுப்பினாயா? என்னிடம் மறைக்காமல் சொல். அடுத்த தடவை பெயரைப் போட்ட பிறகு அனுப்பு, எடுத்தால் எடுக்கிறவன் எடுக்கட்டும், அவன் கையால் அழிக்கட்டும்.

ஒசாகாவிலிருந்து கியோட்டோ ரயிலில் அரை மணி நேரம்தான் என்று நீயே சொல்லியிருக்கிறாய். ஒரு ஞாயிற்றுக்கிழமை உசுமாசா போய் வா. கோரியூஜி கோயில் வாசலிலேயே சின்ன டிராம் நிற்கிறது, பக்கத்திலேயே டோயெய் சினிமா கிராமம், பழைய எடோ காலத்துத் தெரு மாதிரி செட் போட்டு வைத்திருக்கிறார்கள். போட்டோ வேண்டாம். அந்தத் தெருவில் அவர்கள் விழுகிற இடத்தில் தரை மண்ணா சிமெண்டா, அதை மட்டும் குனிந்து தொட்டுப் பார்த்துவிட்டு எனக்குச் சொல்.

அம்மா ஊறுகாய் பார்சல் அனுப்பியிருக்கிறாள், இந்தத் தடவை மூடியைச் சுற்றி இரண்டு கவர் போட்டிருக்கிறேன்.

அப்பா