நம்பியாரின் நெற்றியை வெட்டாதீர்கள்

பழைய படங்களை ஒளிபரப்பும் தொலைக்காட்சி நிர்வாகத்தினருக்கு,

வணக்கம். போன ஞாயிறு மதியம் 'நெஞ்சம் மறப்பதில்லை' போட்டீர்கள். 1963-இல் வந்த படம் மறுபடி வருகிறதே என்று வீட்டில் எல்லாரும் ஆசையாக உட்கார்ந்தோம். பாதியிலேயே டிவியை அணைத்துவிட்டோம். அதனால்தான் இந்தக் கடிதம்.

கதையை உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மகன் ஓர் ஏழைப் பெண்ணை விரும்பினான் என்பதற்காகக் கொலைக்குத் துணிந்த ஜமீன்தார், அந்தக் காதலர்கள் மறுபிறவி எடுத்து வந்த பின்னும் நூறு வயது தாண்டிய கிழவராக அதே வெறியோடு இருக்கிறார். அந்தக் கிழவராக நடித்த நம்பியார் 1919-இல் பிறந்தவர், அப்போது அவருக்கு 44 வயதுதான். அந்தச் சுருங்கிய முகமும் அதில் எரியும் கண்களும்தான் இந்தப் படத்தின் பயமே.

அந்த முகத்தைத்தான் நீங்கள் வெட்டிவிட்டீர்கள்.

அந்தக் காலத்துப் படங்களின் சட்டகம் கிட்டத்தட்ட சதுரம். இன்றைய டிவி திரை அகலமானது. திரை நிறைய வேண்டும் என்று மேலும் கீழும் நறுக்கினால் ஏறக்குறைய கால்வாசிப் படம் போய்விடும். போனது வெறும் சுவரும் தரையும் இல்லை. கிழவரின் முகம் நெருக்கத்தில் வரும்போது நெற்றியைக் காணோம், தாடையைக் காணோம், நடுவில் மூக்கு மட்டும் நிற்கிறது. ஒளிப்பதிவாளர் வின்சென்ட் இருட்டையும் வெளிச்சத்தையும் அளந்து அளந்து எடுத்த பங்களாக் காட்சிகளில் உங்கள் ஆட்கள் வெளிச்சத்தை வேறு கூட்டியிருக்கிறார்கள். கருப்பெல்லாம் சாம்பலாகிவிட்டது. இருட்டே இல்லாத இடத்தில் யாருக்குப் பயம் வரும்?

தயவுசெய்து படத்தை அதன் சொந்தச் சட்டகத்திலேயே முழுசாகக் காட்டுங்கள். இரண்டு பக்கமும் கருப்புப் பட்டை வந்தால் வரட்டும். நாங்கள் யாரும் குறை சொல்ல மாட்டோம்.

சுசீலாவும் பி.பி. ஸ்ரீனிவாஸும் பாடிய 'நெஞ்சம் மறப்பதில்லை' பாட்டின் நடுவில் விளம்பரம் போட்டதையும் சொல்லாமல் இருக்க முடியவில்லை. விளம்பரம் உங்களுக்கு வருமானம், சரி. பாட்டு முடியும் வரை பொறுக்கக் கூடாதா?

தமிழின் முதல் பேசும்படமான 'காளிதாஸ்' 1931-இல் வந்தது. இன்று பார்க்க அதன் பிரதி கிடையாது. அப்படித் தொலைத்தவர்கள் நாம். மிஞ்சியிருக்கிற படங்களையாவது ஒழுங்காக வைத்துக்கொள்ள வேண்டாமா? 1964-இல் வந்த 'கர்ணன்' படத்தைச் சீரமைத்து 2012-இல் வெளியிட்டபோது தியேட்டரில் கூட்டம் வந்ததே! பழைய படம் என்றால் எப்படிப் போட்டாலும் பார்ப்பார்கள் என்ற நினைப்புதான் எங்களுக்கு வலிக்கிறது. உங்கள் சேனலில் மதிய நேரத்தில் உட்காருபவர்களில் பலர் இந்தப் படங்களைக் கொட்டகையில் பார்த்தவர்கள். சட்டகத்தில் எது இருந்தது, எது போனது என்று அவர்களுக்குத் தெரியும்.

கோபத்தில் கொஞ்சம் அதிகமாகவே பேசிவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள். கேட்பது ஒன்றுதான். அடுத்த முறை 'நெஞ்சம் மறப்பதில்லை' போடும்போது நறுக்காமல், வெளிச்சம் கூட்டாமல், முழுச் சட்டகத்தோடு போடுங்கள். முடிந்தால் இரவு ஒன்பது மணிக்குமேல் போடுங்கள். வீட்டில் விளக்கை அணைத்துவிட்டுக் காத்திருப்போம்.

இப்படிக்கு,
உங்கள் நேயர் ஒருவர்