சேலை மாற்றியதற்கு ரீடேக்

ஆசிரியர் அவர்களுக்கு,

ஆவணப்படங்களில் சாதாரண ஜனங்கள் நடிக்காமல் தாங்களாகவே வருவது பற்றிய கட்டுரை படித்தேன். சரிதான், ஆனால் எங்கள் அனுபவம் வேறு.

கொழிஞ்சாம்பாறையிலிருந்து முதல் பஸ்ஸில் போய் பாலக்காடு டவுனில் பூ விற்கிற என் அக்காவை ஓர் ஆவணப்படக் குழுவினர் மூன்று நாள் படமெடுத்தார்கள். இரண்டாம் நாள் அக்கா பெட்டியிலிருந்த பட்டுச்சேலையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிட்டாள். “சேச்சி, நேத்து மாதிரியே வரணும்” என்று சொல்லிவிட்டார்கள். உள்ளதை உள்ளபடி எடுக்கிறவர்களாம்!

படமெடுக்கச் சம்மதம் என்று கையெழுத்து வாங்கிய தாள் முழுக்க ஆங்கிலம். தமிழ்வழிப் பள்ளிகள் இருக்கிற, பாலக்காடு மாவட்டத்துச் சித்தூர் தாலுகா எங்களுடையது. ஒரு பக்கத்தைத் தமிழில் அடித்துத் தருவது அவ்வளவு பெரிய காரியமா?

1985-இல் வந்த, ஆவணப்பட இயக்குநர் ஆனந்த் பட்வர்தனின் ‘பாம்பே: அவர் சிட்டி’யில் ஒரு ஏழைப் பெண் படமெடுக்கிறவரையே திட்டுவார். அதை வெட்டாமல் வைத்திருக்கிறார் பட்வர்தன். அந்தத் துணிச்சல் எல்லோருக்கும் வருவதில்லை.

படம் திருவனந்தபுரத்தில் ஒரு விழாவில் ஓடியதாகக் கேள்வி. எங்களுக்கு ஒரு லிங்க்கூட வரவில்லை. “நான் பூ முழம் போட்டதை வச்சிருக்காங்களா?” என்று அக்கா இன்னும் கேட்டுக்கொண்டிருக்கிறாள்.

– ஒரு வாசகர், கொழிஞ்சாம்பாறை