ஆறு இல்லையென்றால் மணல் ஏது?

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

சென்ற ஞாயிறு வெளிவந்த கட்டுரையில், வட இலங்கையின் வன்னியில் குளங்கள் உண்டே தவிர ஆறு என்று சொல்லத்தக்கது எதுவுமில்லை என்ற வசனத்தை வாசித்தேன். கிளிநொச்சியின் பெருங்குளமான இரணைமடுவுக்கு நீர் எங்கிருந்து வருகிறது என்பதைக் கட்டுரையாளர் எழுதவில்லை. வானத்திலிருந்து நேரே குளத்துக்குள் விழுகிறது என்று எண்ணினார் போலும்.

வவுனியாவின் வடக்கே சேமமடுப் பக்கம் தொடங்கி, முல்லைத்தீவுக் காடுகளைக் கடந்து, இரணைமடுவை நிரப்பி, மிஞ்சிய நீரை, 1938இல் பறவைகள் சரணாலயமாகி 2015இல் தேசிய பூங்காவான சுண்டிக்குளத்தின் கடல்நீரேரியில் சேர்க்கும் கனகராயன் ஆற்றைத் தாங்கள் அறியாதவரல்லர். 1902இல் அணைக்கட்டு வேலையைத் தொடங்கியவர்கள் ஆற்றைக் கண்டுதானே மறித்தார்கள்? மேற்கே கடலுக்கு ஓடும் பாலியாறும் பறங்கியாறும், கிழக்கே முத்தையன்கட்டுக் குளத்தை நிரப்பும் பேராறும் பெயரிலேயே ஆற்றை வைத்திருக்கின்றன.

ஆவணியில் எங்கள் ஆற்றைச் செருப்பு நனையாமல் கடக்கலாம் என்பது உண்மையே. ஆனால் 2018 டிசெம்பர் 21ஆம் திகதி இரவு, இரணைமடுவின் வான்கதவுகளைத் தாண்டி வந்த அந்த 'இல்லாத ஆறு' என் வீட்டுக்குள் புகுந்தது. நெல் மூடைகளை மேசைமேல் ஏற்றினோம். விடியுமுன் அடிமூடைகள் ஊறிவிட்டன. சுவரில் படிந்த சேற்றுக்கோடு இரண்டு முறை வெள்ளையடித்தும் மறையவில்லை. கட்டுரையாளர் வந்தால் காட்டுவேன், தேநீரும் தருவேன்.

தேநீர் என்றதும் நினைவு வருகிறது. அந்த வெள்ளச் செய்தியோடு தாங்கள் வெளியிட்ட படத்தின் பின்னணியில் தேயிலைச் சரிவு தெரிந்தது. வன்னியில் தேயிலை நட்டது எப்போது என்று கேட்டு நான் எழுதிய கடிதம் பிரசுரமாகவில்லை. ஆற்றுப்படுகையில் இரவிரவாக டிப்பர்களில் மணல் ஏற்றுவதையும், கரை சரிந்து மருதமரங்கள் வேரோடு சாய்வதையும் விவரித்த இரண்டாவது கடிதத்துக்கும் அதே கதிதான். ஆறே இல்லாத ஊரில் மணல் எங்கிருந்து கிடைக்கிறது என்பதையாவது தங்கள் கட்டுரையாளர் விளக்கியிருக்கலாம்.

அடுத்த ஞாயிறு இரண்டு வரியில் ஒரு திருத்தம் வெளியிடுமாறு பணிவுடன் கேட்கிறேன். அதில் ஊர்ப்பெயரை 'இரணைமடு' என்று அச்சிடுவீர்களாக. இரணை என்றால் எங்களிடம் இரட்டை. கட்டுரையில் மூன்றிடத்தில் வந்துள்ள 'இரண'த்துக்குப் புண் என்று பொருள்.

இங்ஙனம்,
முரசுமோட்டைக் கமக்காரன்